"மீதி எவ்வளவு?" என்று கேளுங்கள்: வீட்டுக் கடனின் முழுக் கணக்கு

வீட்டுக் கடன் எடுக்க நினைப்பவர்கள் முதலில் கேட்பது "மாதம் எவ்வளவு கட்ட வரும்?" என்றுதான். வங்கியொன்றின் கடன் பிரிவில் வேலை செய்த காலம் முழுக்க என் மேசைக்கு முன்னால் இருந்தவர்கள் அதைத்தான் கேட்டார்கள். ஓய்வுபெற்று வெள்ளவத்தையில் வீட்டோடு இருக்கும் இப்போதும், ஒஃபர் லெட்டரைத் தூக்கிக்கொண்டு வரும் சொந்தக்காரர்கள் அதையேதான் கேட்கிறார்கள். சம்பளத்துக்குள் தவணை அடங்குமா என்று பார்ப்பார்கள், அடங்கினால் கையெழுத்துப் போட்டுவிடுவார்கள். தேவையான கேள்விதான், ஆனால் அதில் கடனின் விலை தெரியாது. ஆண்டுகளைக் கூட்டினால் எந்தத் தவணையையும் குறைத்துக் காட்டலாம். மீதியை, அதாவது இன்னும் கட்ட வேண்டிய கடனை, அப்படிக் காட்ட முடியாது. "ஐந்து ஆண்டு கட்டிய பிறகு எனக்கு மீதி எவ்வளவு இருக்கும்?" என்று கேட்டால்தான் உண்மையான விலை வெளியே வரும்.

உதாரணத்துக்கு என் பெறாமகளின் கணக்கையே எடுக்கிறேன், அவளிடம் கேட்டுக்கொண்டுதான். தெகிவளையில் ஒரு தொடர்மாடி வீடு, விலை 2 கோடி 50 இலட்சம் ரூபா. யாழ்ப்பாணத்தில் காணி விற்ற காசும் ரொறன்ரோவில் இருக்கும் அண்ணன் கொடுத்ததுமாக 1 கோடி 50 இலட்சம் கையில் இருக்கிறது. மிச்சம் 1 கோடிக்குக் கடன். 12 வீத வட்டி, 20 ஆண்டு, மாதத் தவணை 110,109 ரூபா. வட்டி வீதம் மாறிக்கொண்டே இருப்பது, நீங்கள் வாசிக்கும்போது வேறாக இருக்கலாம். உங்கள் எண்ணைப் போட்டுக்கொள்ளுங்கள், கணக்கு ஒன்றுதான்.

அட்டவணையை நீங்களே போடுங்கள்

வங்கியிடம் கேட்டால் தவணை அட்டவணை தருவார்கள். கட்டாயம் வாங்குங்கள். ஆனாலும் ஒருமுறை சொந்தக் கையால் போட்டால்தான் மனதில் பதியும். கைபேசியில் உள்ள கூகுள் ஷீட்ஸ் போதும். முதல் வரியில் மீதி 10,000,000 ரூபா. அதை வட்டி வீதத்தால் பெருக்கி 1,200ஆல் வகுத்தால் இந்த மாத வட்டி வரும்: 100,000. தவணையிலிருந்து வட்டியைக் கழித்தால் முதல் தொகையில், அதாவது வாங்கிய கடனில், குறைவது: 10,109. அதை மீதியிலிருந்து கழித்தால் அடுத்த வரியின் மீதி: 9,989,891. அப்படியே 240 வரிக்கு இழுத்துவிடுங்கள்.

முதல் வரியைப் பார்த்ததும் பெறாமகள் கேட்டாள்: "என்ன பெரியம்மா, ஒரு இலட்சத்துப் பத்தாயிரம் கட்டி பத்தாயிரந்தானா குறையுது?" ஓம், அவ்வளவுதான். வங்கி ஏமாற்றவில்லை. 1 கோடிக்கு மாதம் ஒரு வீத வட்டி ஒரு இலட்சம், அது போகத்தான் மிச்சம் முதலுக்குப் போகும்.

இனி 60ஆம் வரிக்குப் போங்கள். ஐந்து ஆண்டில் கட்டியது 66 இலட்சம். மீதி 91 இலட்சத்து 74 ஆயிரம். அதாவது கட்டிய 66 இலட்சத்தில் கடனைக் குறைத்தது எட்டே கால் இலட்சந்தான். 120ஆம் வரியில், பத்து ஆண்டு முடிவில், மீதி 76 இலட்சத்து 75 ஆயிரம். வாங்கிய கடனில் பாதி தீர்வது எப்போது தெரியுமா? பதினைந்தாம் ஆண்டு முடியும்போது. கடைசி ஐந்து ஆண்டில்தான் மற்றப் பாதி மளமளவென்று கரைகிறது. 20 ஆண்டில் கையால் கட்டுவது மொத்தம் 2 கோடி 64 இலட்சம், அதில் வட்டி மட்டும் 1 கோடி 64 இலட்சம்.

"இப்ப வாங்குவம், ஐந்தாறு வருசத்தில வித்திட்டு வெளியில போவம்" என்று நினைக்கும் இளம் தம்பதிகள் இந்த 60ஆம் வரியைத்தான் பார்க்க வேண்டும். அந்த ஆண்டில் விற்றால், விற்ற காசிலிருந்து வங்கி முதலில் எடுப்பது கிட்டத்தட்ட 92 இலட்சம். வீட்டின் விலை ஏறியிருந்தால் பரவாயில்லை. ஏறாமல் இருந்தால் ஐந்து ஆண்டு கட்டியதில் பெரும்பகுதி வட்டியாகப் போய்விட்டது என்று எழுதிக்கொள்ளுங்கள்.

ஆண்டுகளைக் கூட்டினால்

தவணை கையைக் கடிக்கிறது என்று சொன்னால், எதிரில் இருக்கும் உத்தியோகத்தர் கணினியில் 20ஐ 25 ஆக்குவார். தவணை 105,322 ஆகிவிடும். மாதம் 4,787 ரூபா மிச்சம் என்று சந்தோஷப்பட்டுவிடாதீர்கள். மொத்த வட்டி 1 கோடி 64 இலட்சத்திலிருந்து 2 கோடி 16 இலட்சமாகிவிடுகிறது. மாதம் ஐயாயிரம் ரூபாவைக் காப்பாற்ற 52 இலட்சம் கொடுக்கிறீர்கள்.

மற்றப் பக்கம் போய்ப் பாருங்கள். 15 ஆண்டுக்கு எடுத்தால் தவணை 120,017. மாதம் ஏறக்குறைய பத்தாயிரம் ரூபா கூட. மொத்த வட்டி 1 கோடி 16 இலட்சமாகக் குறைகிறது, 48 இலட்சம் மிச்சம். 15க்கும் 25க்கும் இடையில் தவணையில் வித்தியாசம் 14,700 ரூபா, வட்டியில் வித்தியாசம் முழுசாக ஒரு கோடி. இந்த வரியை நான் யாருக்குக் காட்டினாலும் கொஞ்ச நேரம் பேச மாட்டார்கள்.

என் அபிப்பிராயம் இது: சம்பளம் நிச்சயமில்லாதவர்கள் 20 ஆண்டுக்கே எடுங்கள், ஆனால் 15 ஆண்டுத் தவணையைக் கட்டப் பாருங்கள். கையில் இறுக்கம் வரும் மாதத்தில் பழைய தவணைக்கு இறங்கலாம். ஒப்பந்தத்திலேயே 15 என்று போட்டுவிட்டால் அப்படி இறங்க முடியாது. ஒன்று மட்டும்: கூடுதலாகக் கட்டுவது முதல் தொகையில் கழிய வேண்டும் என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள். இல்லாவிட்டால் சில இடங்களில் அதை அடுத்த மாதத் தவணைக்கு முற்பணமாகப் போட்டுவிடுவார்கள், மீதி குறையாது.

அப்புறம், தவணை முறை இரண்டு உண்டு என்பது பலருக்குத் தெரியாது. மேலே சொன்னது மாதாமாதம் ஒரே தொகை. மற்றது, முதலைச் சமமாகப் பிரித்துக் கட்டி, குறைந்துபோகும் மீதிக்கு மட்டும் வட்டி கட்டுவது. அதில் முதல் மாதம் 141,667 ரூபா, பிறகு ஒவ்வொரு மாதமும் 417 ரூபா குறைந்து, கடைசி மாதம் 42,083. மொத்த வட்டி 1 கோடி 20 இலட்சத்து 50 ஆயிரந்தான். தொடக்கத்தில் கஷ்டம், ஆனால் 43 இலட்சத்துக்கு மேல் மிச்சம். இருவரும் சம்பாதிக்கும், இன்னும் பிள்ளைகள் இல்லாத வீட்டுக்கு இது நல்ல முறை. கேட்டால் தருவார்கள், கேட்காவிட்டால் சொல்ல மாட்டார்கள்.

"ஃபிளட்" வட்டி என்று யாராவது சொன்னால் எச்சரிக்கை. 1 கோடிக்கு 10 ஆண்டு 7 வீத ஃபிளட் என்றால், தீர்ந்துபோன முதலுக்கும் சேர்த்தே வட்டி கட்டுகிறீர்கள். மாதத் தவணை 141,667. குறையும் மீதிக்கு மட்டும் வட்டி போடும் கணக்கில் அது உண்மையில் 11.7 வீதம். 7 என்ற எண் காதுக்கு மட்டும் இனிமை.

மாறும் வட்டி என்ற வாசகம்

கொழும்பில் வீட்டுக் கடனின் உண்மையான ஆபத்து இங்கேதான். ஒஃபர் லெட்டரின் இரண்டாம் பக்கத்தில், எழுத்துச் சின்னதாக, இப்படி ஒரு வாசகம் இருக்கும்: முதல் மூன்று ஆண்டு நிலையான வட்டி, அதன் பின் முதன்மைக் கடன் வழங்கல் வீதத்தோடு இத்தனை வீதம் கூட்டி. சிலதில் "வங்கி தன் தற்றுணிபின்படி காலத்துக்குக் காலம் மாற்றலாம்" என்றே இருக்கும்.

அந்த முதன்மை வீதத்தை ஏ.டபிள்யூ.பி.எல்.ஆர். என்று வங்கியில் எல்லோரும் சொல்வார்கள். வணிக வங்கிகள் தங்கள் முதல்தர வாடிக்கையாளர்களுக்குக் கொடுக்கும் கடன்களின் சராசரி வட்டி அது, மத்திய வங்கி வாராவாரம் வெளியிடுகிறது. 2021 நடுப்பகுதியில் அது 6 வீதத்துக்கும் கீழே இருந்தது. 2022 ஏப்ரல் 8ஆம் திகதி மத்திய வங்கி, வங்கிகளோடு கொடுக்கல் வாங்கலுக்குத் தான் வைக்கும் கொள்கை வட்டியை ஒரே நாளில் 7 வீதப் புள்ளிகள் ஏற்றியது. அந்த ஆண்டு முடிவில் முதன்மை வீதம் 27 வீதத்தைத் தாண்டியிருந்தது. 2023 ஜூனில் கொள்கை வட்டி இறங்கத் தொடங்க, அதுவும் தொடர்ந்து இறங்கியது.

இதைத் தவணையாக்கிப் பாருங்கள். 2021இல் 9 வீதத்துக்கு 20 ஆண்டுக்கு 1 கோடி எடுத்த ஒருவருக்குத் தவணை 89,973 ரூபா. ஓராண்டு கட்டிய பிறகு மீதி 98 இலட்சத்துச் சொச்சம். வட்டி 28 வீதமானால், அந்த மீதிக்கு ஒரு மாத வட்டி மட்டும் 229,000 ரூபா. தவணை முழுவதையும் கட்டினாலும் வட்டிக்கே 139,000 ரூபா பற்றாக்குறை. இப்போது வங்கி மூன்றில் ஒன்றைச் செய்யும்: தவணையை 230,000 ஆக்கும், அல்லது ஆண்டுகளை நீட்டும், அல்லது கட்டாத வட்டியை முதலோடு கூட்டும். இந்த வட்டிக்கு நீட்டிப் பிரயோசனமில்லை, நூறு ஆண்டு நீட்டினாலும் மாத வட்டியே 229,000. மூன்றாவதுதான் கண்ணுக்குத் தெரியாமல் வருவது. பழைய தவணையையே கட்ட விட்டு, பற்றாக்குறையை மாதாமாதம் முதலோடு கூட்டினால், ஓராண்டில் கடன் 19 இலட்சம் ஏறிவிடும். 1 கோடி எடுத்தவர், இரண்டு ஆண்டு ஒழுங்காகக் கட்டியும், 1 கோடி 17 இலட்சம் கடனோடு நிற்பார். அந்தக் காலத்தில் தவணை மாறவில்லை என்று நிம்மதியாக இருந்த குடும்பங்களை எனக்குத் தெரியும். மீதியைக் கேட்டுப் பார்த்த பிறகு நிம்மதி போய்விட்டது.

ஆகவே கையெழுத்துக்கு முன் நான்கு விஷயம் கேட்க வேண்டும். எத்தனை மாதத்துக்கு ஒருமுறை வட்டியை மாற்றுவார்கள்? மாற்றும்போது எந்த வாரத்து, அல்லது எந்த மாதத்துச் சராசரியை எடுப்பார்கள்? வட்டிக்கு உச்சவரம்பு உண்டா? தவணை வட்டிக்குப் போதாவிட்டால் என்ன செய்வார்கள்? கடைசிக் கேள்விக்கு வாயால் பதில் சொன்னால் "மின்னஞ்சலில் அனுப்புங்கோ" என்று சொல்லுங்கள். ஒஃபர் லெட்டர் ஆங்கிலத்தில் இருந்தால் முக்கியமான நிபந்தனைகளைத் தமிழில் கேளுங்கள். வாடிக்கையாளர் விரும்பும் மொழியில் விளக்க வேண்டியது வங்கியின் கடமை. இதில் கூச்சப்பட ஒன்றுமில்லை, கட்டப்போவது நீங்கள்தான்.

அதோடு உங்கள் அட்டவணையில் வீதத்தை மாற்றிப் பாருங்கள். 1 கோடி, 20 ஆண்டு, 16 வீதமானால் தவணை 139,126. 20 வீதமானால் 169,882. 20 வீத வட்டியில் ஆறு மாதம் தாக்குப் பிடிக்க வழி இருக்கிறதா? சேமிப்பு, உறவு, எதையாவது சொல்லுங்கள். வழி இல்லையென்றால் கடன் தொகை கூடிவிட்டது. வங்கி "உங்களுக்கு 1 கோடி 20 இலட்சம் வரைக்கும் தரலாம்" என்று சொல்லும்போது, அது இன்றைய வட்டியில் போட்ட கணக்கு என்பதை மறக்க வேண்டாம்.

நிலையான வட்டி கொஞ்சம் கூட இருந்தாலும் ஐந்து ஆண்டுக்குக் கிடைத்தால் எடுங்கள் என்பேன். முதல் ஐந்து ஆண்டில்தான் மீதி பெரிது, அப்போது வட்டி ஏறுவதுதான் அதிகம் வலிக்கும்.

பேரம் பேசுங்கள்

மீன் சந்தையில் நூறு ரூபாவுக்கு மல்லுக்கட்டும் எங்கள் ஆட்கள், வங்கியில் மட்டும் சொன்ன வட்டிக்குத் தலையாட்டிவிடுவார்கள். 12க்குப் பதில் 11.5 கிடைத்தால் தவணை 106,643. 20 ஆண்டில் 8 இலட்சத்து 30 ஆயிரம் ரூபா மிச்சம். சம்பளக் கணக்கு அந்த வங்கியில் இருந்தால், இன்னொரு வங்கியின் ஒஃபர் லெட்டர் கையில் இருந்தால், கடன் தகவல் பணியகத்தின் அறிக்கை சுத்தமாக இருந்தால் பேசலாம். கிரிப் அறிக்கை என்று சொல்லும் இதை நீங்களே முன்கூட்டி எடுத்துப் பார்ப்பது நல்லது. மறந்துபோன பழைய கடனட்டை மீதி ஒன்று அங்கே நின்று கழுத்தறுக்கும்.

போனஸ் வந்தால்

ஓராண்டு கழித்து, மீதி 98 இலட்சத்து 72 ஆயிரமாக இருக்கும்போது, 5 இலட்சம் ரூபாவைக் கொண்டுபோய்க் கட்டி, அதே தவணையைத் தொடர்ந்தால், கடன் மூன்று ஆண்டு முந்தித் தீரும். கட்டாமல் விடும் தவணைகள் 40 இலட்சத்துச் சொச்சம். அதே 5 இலட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டில் கட்டினால் இந்த அளவு பலன் இல்லை. ஆகவே ஆரம்ப ஆண்டுகளில் வரும் போனஸ், சீட்டுக் காசு, கல்யாணத்துக்குக் கிடைத்த காசு எல்லாம் கடனுக்குப் போகட்டும். நிலையான வைப்பில் 8 வீதத்துக்குப் போட்டு, அதிலும் வரி கழிபட, 12 வீதக் கடனை வைத்திருப்பதில் அர்த்தமில்லை. அவசரத்துக்கு ஆறு மாதச் செலவை மட்டும் ஒதுக்கி வையுங்கள்.

பெருந்தொகை கட்டும்போது வங்கி "தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா?" என்று கேட்கும், அல்லது கேட்காமலே தவணையைக் குறைத்துவிடும். காலத்தைக் குறையுங்கள் என்று எழுதிக் கொடுங்கள். முன்கூட்டிக் கட்டுவதற்குக் கட்டணம் உண்டா, பகுதியாகக் கட்டினாலும் உண்டா என்பதையும் முதலே பாருங்கள்.

வேறு வங்கிக்கு மாறுவதும் இதே கணக்குத்தான். ஐந்தாம் ஆண்டில் 91.7 இலட்சம் மீதிக்கு, முன்கூட்டித் தீர்க்கும் கட்டணம் 3 வீதம் என்று வைத்துக்கொண்டால் 2 இலட்சத்து 75 ஆயிரம். ஒரு வீதம் குறைந்த வட்டியால் முதல் ஆண்டு மிச்சம் சுமார் 91,000. மூன்று ஆண்டு போகும் கட்டணத்தை எடுக்கவே. அதற்குமேல் புது ஈட்டு உறுதி, சட்டத்தரணி, மதிப்பீடு. இரண்டு வீதமாவது குறையாவிட்டால் நான் அசைய மாட்டேன்.

ஊழியர் சேமலாப நிதியிலிருந்து வீட்டுக்கென்று 30 வீதம் வரை முன்கூட்டி எடுக்கலாம். பலரும் கேட்கிறார்கள். நிதி 2023க்கு 13 வீதமும் 2024க்கு 11 வீதமும் வட்டி கொடுத்தது. 12 வீதக் கடனை அடைக்க 11 வீதம் தரும் காசை எடுப்பதால் பெரிய மிச்சம் ஒன்றுமில்லை, முதுமைக்கு வைத்தது மட்டும் குறைகிறது. முற்பணம் போதாமல் தவிக்கும்போது எடுக்கலாம், கடனைக் குறைக்க எடுக்க வேண்டாம். நகையை அடகு வைத்து முற்பணம் கட்டுவதும் வேண்டாம். அது இரண்டாவது கடன், வீட்டுக் கடனின் அட்டவணையில் தெரியாது.

வீட்டுக்குள் போகுமுன் போகும் காசு

2 கோடி 50 இலட்சத்துக்கு வாங்கினால் உறுதி மாற்றும் முத்திரை வரி 999,000 ரூபா: முதல் ஒரு இலட்சத்துக்கு 3 வீதம், மிச்சத்துக்கு 4 வீதம். உறுதி எழுதும் நொத்தாரிசுக்கான கூலி தனி. முப்பது ஆண்டு உரிமைத் தேடல் செய்து அறிக்கை தரும் வங்கிச் சட்டத்தரணிக்குக் காசு, மதிப்பீட்டாளருக்குக் காசு, ஈட்டு உறுதிக்கும் பதிவுக்கும் காசு, வங்கியின் பரிசீலனைக் கட்டணம். இவை எல்லாம் கையிலிருந்து போகும், கடனில் சேராது. மதிப்பீட்டாளர் இரண்டு விலை எழுதுவார்: சந்தை விலை ஒன்று, அவசரமாக விற்றால் கிடைக்கும் விலை ஒன்று. பல வங்கிகள் இரண்டாவதைத்தான் பார்க்கும். நீங்கள் கொடுக்கும் விலையைவிட அது குறைவாக இருந்தால் கடனும் குறையும், நடுவில் விழும் பள்ளத்தை நீங்கள்தான் நிரப்ப வேண்டும்.

காப்புறுதி இரண்டு. தீக் காப்புறுதி ஆண்டாண்டு புதுப்பிக்க வேண்டும். கடன் எடுத்தவர் இறந்தால் மீதியைத் தீர்க்கும் ஆயுள் காப்புறுதியை டி.டி.ஏ. என்பார்கள், பெரும்பாலும் ஒரே தடவையாகக் கட்டணம். அது அவசியம், ஆனால் "கடனோடயே சேர்த்திடலாம்" என்று சொன்னால் வேண்டாம் என்று சொல்லுங்கள். 3 இலட்சக் கட்டணத்தை 12 வீதத்தில் 20 ஆண்டு கட்டினால் அது கிட்டத்தட்ட 8 இலட்சம். கணவன் மனைவி இருவரும் சேர்ந்து கடன் எடுத்தால் இருவர் பெயரிலும் காப்புறுதி இருக்கிறதா என்று பாருங்கள். ஒருவருக்கு மட்டும் எடுத்து மற்றவர் போனால் எந்தப் பயனும் இல்லை.

வீடு கிடைத்த பிறகு, மாநகர சபைக்குக் கட்டும் சோலை வரி. ஜனவரி 31க்குள் ஆண்டு முழுவதற்கும் கட்டினால் 10 வீதக் கழிவு. தொடர்மாடியென்றால் மாதப் பராமரிப்புக் கட்டணம், அது கடன் தீர்ந்த பிறகும் தொடரும். வெள்ளவத்தை, தெகிவளைப் பக்கம் கடற்கரைக்கு அண்டிய கட்டடங்களில் உப்புக் காற்று கம்பியைத் தின்றுவிடும். ஜன்னல் கிறில், தண்ணீர்க் குழாய், மொட்டைமாடிக் கம்பி எல்லாம் நினைப்பதைவிடச் சீக்கிரம் மாற்ற வேண்டிவரும். லிஃப்ட் மாற்றவும் ஜெனரேட்டர் திருத்தவும் கட்டடத்தில் ஒதுக்குநிதி இருக்கிறதா என்று வாங்கும் முன்னரே கட்டடத்தை நிர்வகிக்கும் முகாமைத்துவக் கூட்டுத்தாபனத்திடம் கேளுங்கள். பழைய கட்டடத்தில் அது வெறுமையாக இருந்தால், ஒரு நாள் காலையில் கதவுக்குக் கீழே இலட்சக்கணக்கில் பங்கு கேட்டுக் கடிதம் வரும். அதற்கு எந்த வங்கியும் குறைந்த வட்டியில் கடன் தராது.

"வாடகை வீண்" என்ற பேச்சு

பெறாமகள் இப்போது வாடகைக்கு இருக்கும் வீட்டுக்கு மாதம் 85,000 கொடுக்கிறாள். "மாமி வீட்டார் எல்லாரும் வாடகை வீண் காசு எண்டுதான் சொல்லுகினம்." அவர்களிடம் ஒன்று கேட்கச் சொன்னேன். முதல் மாத வட்டி ஒரு இலட்சம், அது யாருக்குப் போகிறது? வாடகை வீட்டுக்காரருக்குப் போவதுபோல வட்டி வங்கிக்குப் போகிறது, இரண்டிலும் உங்கள் கையில் நிற்பது ஒன்றுமில்லை. அதோடு முற்பணமாகக் கொடுக்கும் 1 கோடி 50 இலட்சத்தை 8 வீத வைப்பில் போட்டிருந்தால் வரிக்கு முன் மாதம் ஒரு இலட்சம் வரும். அதையும் இழக்கிறாள். வெறும் காசுக் கணக்கில், முதல் ஆண்டுகளில், சொந்த வீட்டின் மாதச் செலவு வாடகையைவிட இரண்டு மடங்குக்கு மேல்.

அதற்காக வாங்காதே என்று நான் சொல்லவில்லை. விலைவாசி ஏற்றம் கடன் எடுத்தவர் பக்கம் என்பதும் உண்மை. 2022 செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண் முந்திய ஆண்டைவிட 69.8 வீதம் ஏறியிருந்தது. அப்போது நிலையான வட்டியில் கடன் வைத்திருந்தவர்கள் நிம்மதிப் பெருமூச்சு விட்டார்கள். பொருளாதாரம் ஒழுங்காக இருந்து, மத்திய வங்கி இலக்கு வைத்திருக்கும் 5 வீதப் பணவீக்கம் நின்றாலே, இருபதாம் ஆண்டில் கட்டும் 110,109 ரூபாவின் பெறுமதி இன்றைய 41,500 ரூபாவுக்குச் சமம். ஆகவே 2 கோடி 64 இலட்சம் என்ற மொத்தத்தைப் பார்த்துப் பயந்து ஓட வேண்டியதில்லை. ஆனால் பணவீக்கம் பாரத்தைக் குறைப்பது பிந்திய ஆண்டுகளில், கழுத்தை நெரிப்பது முதல் ஐந்து ஆண்டுகளில். சம்பளமும் விலைவாசியோடு ஏறினால்தான் இந்த ஆறுதல், ஏறாதவருக்கு இல்லை.

எந்த நேரத்திலும் தவணை தவறும் என்று தெரிந்தால், தவறும் முன்னரே எழுத்தில் அறிவியுங்கள். 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டத்தின்படி வங்கிப் பணிப்பாளர் சபை நீதிமன்றம் போகாமலே ஈடு வைத்த சொத்தை ஏலம் விடத் தீர்மானிக்கலாம், பரேட் என்று சொல்வது அதைத்தான். மூன்று மாதம் ஒளித்திருந்துவிட்டுப் போய்ப் பேசுபவரைவிட, முதல் மாதமே போய்ப் பேசுபவருக்கு வழி திறக்கும். வங்கியோடு தீராத பிணக்கென்றால் மத்திய வங்கியின் நிதிசார் நுகர்வோர் உறவுகள் திணைக்களத்துக்கு எழுதலாம்.

ஆண்டுக்கு ஒருமுறை, ஜனவரியில் சோலை வரி கட்டும்போதே, வங்கியிடம் மீதிக் கடிதம் கேட்டு வாங்கி உங்கள் அட்டவணையோடு ஒப்பிட்டுப் பாருங்கள். ஆயிரக்கணக்கில் வித்தியாசம் வந்தால் அன்றே கேளுங்கள், தவறான வீதம் போட்டிருப்பதும் நடக்கும், கட்டணம் ஏதோ கூட்டியிருப்பதும் நடக்கும்.

கடைசித் தவணை கட்டியதும் வேலை முடியவில்லை. வங்கி ஈட்டை விடுவிக்கும் உறுதியில் கையெழுத்துப் போட வேண்டும், அதை நொத்தாரிசு காணிப் பதிவகத்தில் பதிய வேண்டும், மூல உறுதி உங்கள் கையில் வர வேண்டும். அதற்கும் ஒரு செலவு உண்டு, முதலே கேட்டு வையுங்கள். பதிவகத்திலிருந்து ஒரு சாற்றுப் பிரதி எடுத்து, ஈடு நீங்கியதாகப் பதிவாகியிருக்கிறதா என்று கண்ணால் பாருங்கள், கிரிப் அறிக்கையில் கடன் தீர்ந்ததாக வந்துவிட்டதா என்றும் பாருங்கள். பத்து ஆண்டு கழித்து வீட்டை விற்கப் போகும்போது, தீர்ந்த கடனின் ஈடு பதிவேட்டில் அப்படியே நிற்பதைக் கண்டவர்கள் இருக்கிறார்கள். அதற்குள் வங்கிக் கிளையும் மாறியிருக்கும், கோப்பைத் தேடியே மாதக்கணக்கு போகும்.